தினம் ரெண்டு குவாட்டர்

மோகனப்பிரியா போட்ட கோடு தப்பென்று திரும்பி வந்ததாகச் சரித்திரம் கிடையாது. இதை அடுத்தவர் வந்து சொல்லட்டும் என்று காத்திருக்கும் வழக்கமும் அவளிடம் கிடையாது; தானே சொல்லிவிடுவாள். ஆவடியிலிருந்து பூந்தமல்லி போகும் சாலையில் இருந்தது அந்த எலும்பு மருத்துவமனை. அதன் மாடிப்படிக்குக் கீழே, மருந்துக் கிடங்குக்கும் கழிப்பறைக்கும் நடுவில் ஒரு சின்ன அறை. ஏசி உண்டு, ஜன்னல் கிடையாது. அங்கேதான் அவளுடைய ராஜ்ஜியம் நடந்தது.

வேலை இதுதான். டாக்டர்கள் கேஸ் ஷீட்டில் எழுதியிருக்கும் கோழிக் கிறுக்கலைப் படித்து, அந்த நோய்க்கு உலகம் முழுக்க ஒப்புக்கொண்ட எண் எதுவோ அதைத் தேடிப் போட வேண்டும். கோடு என்பது அந்த எண்தான். அதை வைத்துத்தான் இன்சூரன்ஸ்காரர்கள் தலையை மேலும் கீழும் ஆட்டுவதா, பக்கவாட்டில் ஆட்டுவதா என்று முடிவு செய்வார்கள். அம்பத்தூர் எஸ்டேட்டில் ஒரு கம்பெனியில் மூன்று வருஷம் அமெரிக்கர்களின் எலும்புகளுக்கு எண் போட்டுப் பழகியவள் அவள். உள்ளூர் எலும்பெல்லாம் அவளுக்கு எம்மாத்திரம்?

இந்தத் தொழிலில் ஒரு வேதவாக்கு உண்டு. எழுதாதது நடக்காதது. டாக்டர் எழுதியிருந்தால் நடந்தது, எழுதாவிட்டால் நோயாளியின் கால் கையோடு வந்தாலும் நடக்கவில்லை. கோடு போடுகிறவர் தன் மூளையைக் கொண்டு ஊகம் செய்யக் கூடாது. மோகனப்பிரியாவுக்கு இந்த விதி மிகவும் பிடிக்கும். ஊகம் செய்கிற ஆட்களை வீட்டிலும் தெருவிலும் நிறையப் பார்த்துவிட்டாள்.

திங்கட்கிழமை அவள் மேஜைக்கு வந்த கோப்புகளில் ஒன்று பூபாலன், வயது நாற்பத்தாறு. இடது தொடை எலும்பின் தலைப் பகுதிக்கு இரத்த ஓட்டம் நின்று, எலும்பு சாக ஆரம்பித்திருந்தது. எலும்பும் சாகும் என்பது பலருக்குத் தெரியாது. மனிதன் நடமாடிக்கொண்டிருப்பான், உள்ளே இடுப்பு மூட்டில் ஒரு எலுமிச்சம்பழ அளவு எலும்பு மட்டும் உயிரை விட்டுக்கொண்டிருக்கும். இதற்கு எண் எம் 87. ஆனால் அதோடு முடியாது. புள்ளி வைத்து, ஏன் செத்தது என்று சொல்ல வேண்டும். காரணம் தெரியாவிட்டால் பூஜ்யம், மருந்தால் என்றால் ஒன்று, அடிபட்டதால் என்றால் இரண்டு, வேறு காரணத்தால் வந்தது என்றால் மூன்று.

காரணம் கேஸ் ஷீட்டில் பளிச்சென்று இருந்தது. "ஆல்கஹால், 2 குவாட்டர்ஸ், டெய்லி, 20 வருஷம்" என்று ஆங்கிலத்தில் ட்யூட்டி டாக்டர் விஷ்ணு எழுதியிருந்தார். குடித்துக் குடித்து எலும்பைச் சாகடித்துக்கொள்ளும் ஆண்கள் வாரத்துக்கு இரண்டு பேராவது வருவார்கள். அதனால் பெரிய டாக்டர் பார்த்தசாரதியும் அதன் கீழே, "மதுப்பழக்கத்தால் வந்தது" என்று எழுதிக் கையெழுத்துப் போட்டிருந்தார். மோகனப்பிரியா எம் 87.3 போட்டு, கூடவே குடிப்பழக்கத்துக்கான எஃப் 10ஐயும் சேர்த்தாள். நாலே நிமிஷம். போய் டீ குடித்துவிட்டு வந்தாள்.

செவ்வாய்க்கிழமையே இன்சூரன்ஸ் இல்லையென்று சொல்லிவிட்டது. குடியால் வந்த வினைக்கு அவர்கள் பொறுப்பில்லையாம். பிரிவின் மேனேஜர் ஹேமநாதன் அதைப் படித்துக் காட்டி, கோடு சரியாக இருந்ததால்தான் ரிஜெக்ட் ஆகியிருக்கிறது என்று அவளைப் பாராட்டவும் செய்தார். தர்க்கம் சரிதான்.

புதன்கிழமை காலை பத்தரை மணிக்கு அறைக் கதவைத் தட்டாமலே ஒரு பெண் உள்ளே வந்தாள். பூபாலனின் மனைவி சாமுண்டீஸ்வரி. கையில் அந்த மறுப்புக் கடிதம். யார் யாரையோ கேட்டுக்கொண்டு, இந்த எண்ணைப் போட்ட ஆள் யாரென்று தேடிக் கண்டுபிடித்து வந்திருந்தாள்.

பணம் பற்றிப் பேச வந்திருப்பாள் என்று மோகனப்பிரியா நினைத்தாள். அது இல்லை. மகள் திவ்யா தன் கம்பெனி இன்சூரன்ஸ் கொடுக்காவிட்டால் கடன் வாங்கியாவது கட்டிவிடுகிறேன் என்று சொல்லிவிட்டாளாம். எலும்பின் தலை இன்னும் நொறுங்கி உட்காரவில்லை. இப்போதே துளை போட்டு இரத்தம் பாய வழி செய்தால் காப்பாற்றலாம், தள்ளிப்போட்டால் மூட்டையே மாற்ற வேண்டியிருக்கும் என்று பெரிய டாக்டர் வெள்ளிக்கிழமைக்கு நாள் குறித்திருக்கிறார். ஆனால் பூபாலன் சம்மதப் படிவத்தில் கையெழுத்துப் போட மறுக்கிறார். நோயின் பெயருக்குப் பக்கத்தில் 'மதுப்பழக்கத்தால்' என்று அச்சடித்திருக்கிறதே, அதற்காக.

"அவரு அப்பன் குடிச்சே செத்தவரும்மா," என்றாள் சாமுண்டீஸ்வரி. "கஜபதின்னா எங்க தெருவுல இன்னிக்கும் சிரிப்பாங்க. அதைப் பாத்து வளந்தவரு இவரு. ஒரு சொட்டு வாயில வெச்சதில்ல. நேத்து இந்த லெட்டரை எங்க நாத்தனாரு பையன் சத்தமா படிச்சிட்டான். எங்க மாமியாக்காரி ஒரே வார்த்தைதான் கேட்டுச்சு. 'நீயுமாடா?'ன்னு. அப்போ செவுத்துப் பக்கம் திரும்பிப் படுத்தவருதான். இன்னும் திரும்பல."

சத்தியம் செய்து பார்த்தாராம். தாய் கெங்கம்மாள் கேட்கவில்லை. உங்கப்பனும் இதே மாதிரி என் தலையில் அடித்து ஆயிரம் சத்தியம் பண்ணவர்தான் என்று சொல்லிவிட்டாளாம்.

மோகனப்பிரியாவுக்குப் பாவமாகத்தான் இருந்தது. ஆனால் குடிகாரர்களின் மனைவிமார் இந்த அறையில் வந்து இதே கதையைச் சொல்வது புதிதல்ல. எழுதியிருப்பதை வைத்துத்தான் தான் எண் போட முடியும், நோயாளியே டாக்டரிடம் ஒப்புக்கொண்டிருக்கிறார் என்று பொறுமையாக விளக்கினாள்.

சாமுண்டீஸ்வரிக்குக் கோபம் வந்துவிட்டது.

"இன்னாத்த ஒத்துகினாரு? அவருக்குக் குடிக்க ஏதும்மா நேரம்? காலைல ஃபேக்டரி குவாட்டர்ஸ், சாயங்காலம் ஏர்போர்ஸ் குவாட்டர்ஸ், டெய்லி ரெண்டு குவாட்டர்ஸும் போயி துணி வாங்கியாந்து தேச்சுக் குடுக்கவே பொழுது செரியா கீது."

மவுஸின் மேல் இருந்த மோகனப்பிரியாவின் கை அப்படியே நின்றது.

துணி தேய்க்கிறாரா என்று கேட்டாள். இருபது வருஷமாக இஸ்திரி வண்டி வைத்திருக்கிறார், இரண்டு குவாட்டர்ஸிலும் பாதிப் பேருடைய யூனிபார்ம் அவர் தேய்த்ததுதான் என்றாள் சாமுண்டீஸ்வரி.

இருபது வருஷம். தினமும். இரண்டு குவாட்டர்ஸ். மோகனப்பிரியாவுக்கு முகம் சுட்டது. அவள் பிறந்ததே ஆவடி ஃபேக்டரி குவாட்டர்ஸில். பள்ளிக்கூடத்தில் அவளுக்குப் பெயரே குவாட்டர்ஸ் பொண்ணு. ஆட்டோக்காரரிடம், பால்காரரிடம், சிலிண்டர் போடுகிறவரிடம் என்று ஒரு நாளைக்குப் பத்து தடவையாவது அந்த வார்த்தையைச் சொல்லி வளர்ந்தவள். அவள் கண்ணிலேயே அது பாட்டிலாகப் பட்டிருக்கிறது. வேறு எவளாவது இப்படிக் கோட்டை விட்டிருந்தால் ஒரு மாதம் சொல்லிச் சிரித்திருப்பாள்.

சாமுண்டீஸ்வரியை உட்கார வைத்துத் தண்ணீர் கொடுத்தாள். கையெழுத்தைப் பற்றிக் கவலைப்பட வேண்டாம், வெள்ளிக்கிழமை ஆபரேஷன் நடக்கும் என்று சொன்னாள். எப்படி நடக்கும் என்று அந்த நிமிஷத்தில் அவளுக்கே தெரியாது. ஆனால் சொல்லிவிட்டாள்.

கோப்பை மறுபடி முதல் பக்கத்திலிருந்து எடுத்தாள். இந்த முறை நாலு நிமிஷம் அல்ல, ஒரு மணி நேரம். கல்லீரல் பரிசோதனை எல்லாம் சுத்தமாக இருந்தது. மூச்சு இளைப்புக்கு இரண்டு தடவை ஆவி வைத்ததாக நர்ஸ் எழுதியிருந்தாள். மருந்துகள் பற்றிய பக்கத்தின் கடைசி மூலையில், விஷ்ணுவின் எறும்புக் கையெழுத்தில், ஆறு வருஷமாக இளைப்பு வரும்போதெல்லாம் மெடிக்கல் ஷாப்பில் ஸ்டீராய்டு மாத்திரை வாங்கிச் சாப்பிட்டிருக்கிறார் என்று இருந்தது. கரி போட்ட இஸ்திரிப் பெட்டியின் புகையில் மூச்சு இளைக்க, அதற்குச் சாப்பிட்ட மாத்திரை எலும்பின் இரத்தத்தை அடைத்திருக்கிறது. காரணம் கோப்பிலேயே உட்கார்ந்திருந்தது. இந்த இரண்டையும் முடிச்சுப் போட டாக்டரால்தான் முடியும். அவள் போட்டால் அது ஊகம்.

ஹேமநாதனிடம் போய்ச் சொன்னாள். முடிந்துபோன கோப்பை எதற்கு நோண்ட வேண்டும் என்பது அவருடைய கட்சி. தப்பான கோடு தன் பெயரில் இருக்கக் கூடாது என்பது அவளுடைய கட்சி. கடைசியில் அவர், டாக்டரிடம் விளக்கம் கேட்டு எழுது, ஆனால் கேள்வியில் பதிலைத் திணித்துவிடாதே, ஆடிட்டில் மாட்டிக்கொள்வோம் என்றார். அதுவும் ஒரு விதி. 'இவர் குடிப்பதில்லைதானே?' என்று டாக்டரைக் கேட்கக் கூடாது. அது கேள்வி இல்லை, சிபாரிசு.

எனவே அவள் கம்ப்யூட்டரில் ஒரே வரி அனுப்பினாள்: 2 குவாட்டர்ஸ் என்பது என்ன அளவு என்று தெளிவுபடுத்தவும். பத்து நிமிஷத்தில் டாக்டர் விஷ்ணுவிடமிருந்து பதில் வந்தது: 360 மில்லி.

கணக்கு சரியாகத்தான் இருந்தது. மோகனப்பிரியாவுக்குச் சிரிப்பு வந்தது, உடனே எரிச்சலும் வந்தது. இன்னொரு தாளை எடுத்தாள். நோயாளி தன் பழக்கம் பற்றிச் சொன்னதை அவருடைய சொந்த வார்த்தைகளிலேயே, தமிழில் பதிவு செய்யவும் என்று எழுதினாள். இதைக் கம்ப்யூட்டரில் அனுப்பவில்லை. கையில் எடுத்துக்கொண்டு இரண்டாம் மாடிக்கு ஏறினாள்.

விஷ்ணு கோபிச்செட்டிபாளையத்துக்காரர். சென்னைக்கு வந்து எட்டு மாதம். அதில் பாதியை இந்த வார்டிலேயே கழித்தவர். நல்ல பிள்ளை. தூக்கம் போதாத முகத்தோடு தாளை வாங்கிப் படித்தார்.

"எந்தக் குடிகாரருங்க நான் குடிக்கிறேன்னு ஒத்துக்குவாரு?" என்றார். "இவரு ஒருத்தர்தான் கேட்டதும் பட்டுனு சொன்னாருங்க. அதையும் சந்தேகப்படறீங்களே."

"நான் எதுவும் சொல்லக் கூடாது டாக்டர். நீங்களே இன்னொரு தடவை கேளுங்க. அவர் சொல்றத அப்படியே எழுதுங்க."

பூபாலன் சுவரைப் பார்த்துத்தான் படுத்திருந்தார். மெலிந்த ஆள்; வலது முன்கையில் மட்டும் நல்ல முறுக்கு. விஷ்ணு பக்கத்தில் ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்து, முதல் நாள் பழக்கம் ஏதாவது உண்டா என்று கேட்டதற்கு என்ன சொன்னீர்கள், அதை அப்படியே திருப்பிச் சொல்லுங்கள் என்றார். மோகனப்பிரியா கட்டிலின் கால்மாட்டில் நின்றாள். வாயைத் திறக்காமல் நிற்பது அவளுக்குப் பழக்கமில்லாத வேலை.

"எத்தினி தபா சார் சொல்றது?" என்று சுவரிடமே சொன்னார் பூபாலன். "டெய்லி இன்னா பழக்கம்னு கேட்டீங்கோ. ரெண்டு குவாட்டர்ஸும் ஒரு ரவுண்டு அடிச்சாத்தான் சார் நமக்கு நாள் ஓடும், இருபது வருஷமா அதான் பழக்கம்னேன். சிரிச்சிகினே எய்திக்கினீங்கோ."

விஷ்ணு எழுதினார். பார்த்தீர்களா என்பது போல மோகனப்பிரியாவை ஒரு பார்வை பார்த்தார். அவள் கூரையில் இருந்த மின்விசிறியைப் பார்த்தாள். பிறகு அவர் தன் வேலையில் நேர்மையானவர் என்பதால், எந்த பிராண்டு என்று கேட்டார்.

"பிராண்டா?" பூபாலன் முதல் தடவையாகத் திரும்பினார். "கவர்மெண்டு குவாட்டர்ஸ் சார்."

"கவர்மெண்ட் கடைல வாங்கறதுங்களா?"

"கடைல இன்னாத்துக்கு வாங்கணும்? ஊடு ஊடா போயி வாங்குவேன். ஒரு ஊட்டுக்கு ஆறு உருப்படி, ஏழு உருப்படி. யூனிபார்ம்னா கஞ்சி போட்டுத் தேய்க்கணும், அதுக்குத் தனி."

பக்கத்துக் கட்டிலில் கட்டுப் போட்டுக் கிடந்த ஆவடி ஆள் ஒருவருக்கு முதலில் புரிந்துவிட்டது. சிரிப்பை அடக்க முடியாமல், கட்டுப் போட்ட காலைப் பிடித்துக்கொண்டு வலியில் கத்தினார். விஷ்ணுவின் பேனா உருப்படி என்ற வார்த்தையில் நின்றது. எழுதியதை மறுபடி படித்தார். காது இரண்டும் சிவந்தன.

"குவாட்டர்ஸ்னா... வீடுங்களா?" என்றார் மெதுவாக.

மோகனப்பிரியா அப்போதும் வாயைத் திறக்கவில்லை. அந்தச் சாதனையைப் பற்றிப் பிறகு பல நாள் பேசினாள்.

விஷ்ணு மழுப்பவில்லை. இதை அவருக்கு வரவில் வைக்க வேண்டும். எழுந்து நின்று, தப்பு தன்னுடையது என்று பூபாலனிடம் சொன்னார். நேரே பெரிய டாக்டரிடம் போய் அதையே சொன்னார். பார்த்தசாரதி திட்டிய திட்டு மூன்றாவது மாடி வரை கேட்டதாம். திட்டி முடித்து, மாத்திரைப் பக்கத்தைப் பார்த்து, ஸ்டீராய்டு மருந்தால் வந்தது என்று எழுதித் தேதி போட்டார். மோகனப்பிரியா எஃப் 10ஐ நீக்கினாள், எம் 87.3ஐ எம் 87.1 ஆக்கினாள். தன் கோடு தப்பென்று தானே எழுதிக் கையெழுத்தும் போட்டாள். கசந்தது. ஆனால் போட்டாள். வியாழன் மாலை இன்சூரன்ஸ் சரியென்று தலையாட்டிவிட்டது.

வெள்ளிக்கிழமை காலை ஏழு மணிக்குப் புதிய சம்மதப் படிவம் வார்டுக்குப் போனது. ஏழே காலுக்கு மோகனப்பிரியாவைக் கூப்பிட்டார்கள். மாடிப்படியிலேயே சாமுண்டீஸ்வரியின் குரல் கேட்டது. கேரளத்து நர்ஸ் ஒருத்தி படிவத்தை வாசித்திருக்கிறாள். 'டியூ டு டிரக்ஸ்' என்றிருந்தால் வேறு எப்படி வாசிப்பாள்?

"குடிகாரன்னீங்க, இப்போ டிரக்ஸுன்றீங்களா?" என்று சாமுண்டீஸ்வரி வார்டையே இரண்டாக்கிக்கொண்டிருந்தாள். "இன்னா, கஞ்சா கேஸா அவரு? நாளைக்கு போலீஸ் வருமா?"

இங்கிலீஷ்காரன் மருந்துக்கும் போதைக்கும் ஒரே வார்த்தையை வைத்துக்கொண்டு எப்படித்தான் பிழைக்கிறானோ. மோகனப்பிரியா அந்தப் படிவத்தை வாங்கி, அச்சடித்திருந்ததன் கீழே தமிழில், 'மூச்சு இளைப்புக்குச் சாப்பிட்ட மாத்திரையால்' என்று பேனாவால் எழுதினாள். விஷ்ணு பக்கத்தில் சுருக்கொப்பம் போட்டார். சாமுண்டீஸ்வரி எழுத்துக்கூட்டிப் படித்து அமைதியானாள்.

பூபாலன் கட்டிலில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். ஆபரேஷன் பச்சைச் சட்டையைப் போட்டுவிட்டிருந்தார்கள். படிவத்தை வாங்கி இரண்டு பக்கமும் திருப்பித் திருப்பிப் பார்த்தார். பேனாவை வாங்கவில்லை.

"குடிகாரன்றத எடுத்துட்டீங்க. செரி. குடிக்காதவன்னு எங்க எய்திக்கீது?"

அப்படி எழுத வேண்டியதில்லை, எண்ணை நீக்கிவிட்டாலே போதும் என்றாள் மோகனப்பிரியா. எங்கம்மாவுக்குப் போதாது என்றார் அவர். எல்லாத்துக்கும் நம்பர் வைத்திருக்கிறீர்களே, குடிக்காதவன் என்பதற்கு ஒரு நம்பரைப் போட்டு விடுங்கள் என்றார்.

அவள் யோசித்தாள். நாய் கடித்ததற்கு எண் இருந்தது. கட்டிலிலிருந்து விழுந்ததற்கு இருந்தது. தனியாக வாழ்வதற்குக்கூட இருந்தது. எல்லா அத்தியாயத்தையும் மனசுக்குள் புரட்டிவிட்டு, அதற்கு மட்டும் நம்பர் கிடையாது என்று சொன்னாள். தெரியாது, கிடையாது என்று அவள் வாயில் வருவதே அபூர்வம்.

"எங்கப்பன் குடிச்சதுக்கு கீதா?"

இருந்தது. குடும்பத்தில் குடிப்பழக்கம்: இசட் 81.1. அவளுக்கு அது மனப்பாடம். பொய் சொல்ல வாய் வரவில்லை. இருக்கிறது என்றாள்.

பூபாலன் தலையை ஆட்டிக்கொண்டார். "அவரு குடிச்சதுக்கு நம்பர் கீது. நான் குடிக்காம இருந்ததுக்கு இல்ல."

முப்பது வருஷமாக ஒரு மனிதன் ஒவ்வொரு சாயங்காலமும் செய்துவந்த வேலை, மோகனப்பிரியா உயிரை வைத்திருக்கும் அந்தப் பெரிய புத்தகத்தில் ஒரு புள்ளிக்குக்கூட இடம் பெறவில்லை. அவளுக்குக் கோபம் வந்தது. யார் மேல் என்று தெரியவில்லை, ஆனால் நன்றாக வந்தது.

கேஸ் ஷீட்டின் முதல் பக்கத்தைத் திறந்து விஷ்ணுவின் முன்னால் நீட்டினாள். கேள்வியில் பதிலைத் திணிக்கக் கூடாது என்ற விதியை அன்றைக்கு அவள் மாடிப்படிக்குக் கீழேயே விட்டுவிட்டு வந்திருந்தாள்.

"எழுதுங்க டாக்டர். தமிழ்ல. பெரிசா."

விஷ்ணு எழுதினார். திரு. பூபாலன் மது அருந்துபவர் அல்ல. ஒருபோதும் அருந்தியதில்லை. கீழே பெயர், பதிவு எண், தேதி, நேரம். எறும்பு எழுத்து அல்ல, ஒன்றாம் வகுப்புப் பிள்ளையின் எழுத்து.

பூபாலன் அதை உதடு அசையப் படித்தார். பேனாவுக்காகக் கையை நீட்டியவர், நடுவில் நிறுத்தி மோகனப்பிரியாவைப் பார்த்தார்.

"இத்த ஒரு ஜெராக்ஸ் எடுத்து சீல் குத்திக் குடும்மா. எங்கம்மாவுக்குப் படிக்கத் தெரியாது. சீலுன்னா தெரியும்."

நோயாளியின் பதிவை வெளியே கொடுக்க மனு வேண்டும், மேனேஜர் ஒப்புதல் வேண்டும், மூன்று வேலை நாள் வேண்டும். மோகனப்பிரியா இறங்கிப் போய் ஐந்தே நிமிஷத்தில் திரும்பி வந்தாள். மருத்துவமனை சீல் ஒன்று, பதிவுப் பிரிவு சீல் ஒன்று, ஹேமநாதனின் டிராயரிலிருந்து எடுத்த வட்டச் சீல் ஒன்று என்று மூன்று குத்தியிருந்தாள். சாமுண்டீஸ்வரி அதை மடிக்காமல், மை காய்வதற்காக ஊதிக்கொண்டே வாங்கிக்கொண்டாள். பூபாலன் கையெழுத்துப் போட்டார்.